மாமி தள்ளிவிட்ட காட்சி

பஷ்தோ படங்களில் காதல் பாட்டோடு சரி. பாட்டு ஓடும்வரை கதாநாயகன் மழையில் நனைகிறான், வயல் வரப்பில் உருள்கிறான், உனக்காக உயிரை விடுவேன் என்கிற மாதிரி நெஞ்சில் குத்திக்கொள்கிறான். பாட்டு முடிந்ததும் வீட்டுக்குப் போய் அம்மாவுக்கு முன்னால் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நிற்கிறான். பாட்டில் காதலன், வசனத்தில் மகன். ஒரு மாதத்தில் இருபது முப்பது படம் பார்த்தவள் என்ற உரிமையில் சொல்கிறேன். அவற்றில் ஒரு வசனம்கூட எனக்குப் புரியவில்லை என்பது வேறு விஷயம்.

என் மாமியார் எங்களிடம் வந்து தங்கிய மாதம் அது. ஜொகூர் பாருவில் எங்களுக்கு ஒரு திரைச்சீலைக் கடை இருக்கிறது. நான் தைப்பேன். என் கணவர் வீடு வீடாகப் போய் அளவெடுத்து, கம்பி அடித்து, மாட்டிவிட்டு வருவார். இந்த ஊரில் நோன்புப் பெருநாளுக்குப் புதுச்சட்டை எடுக்காத வீடுகூட இருக்கலாம். திரைச்சீலை மாற்றாத வீடு இருக்காது. பெருநாளுக்கு இரண்டு மாதம் முன்பிருந்தே துணி மூட்டைகள் என் தலைக்கு மேல் ஏறிவிடும். இடுப்பு வலி, கழுத்து வலி, ஊசி குத்திய விரல் எல்லாம் சேர்ந்து, யாராவது "நல்லா இருக்கீங்களா" என்று கேட்டால் அழுதுவிடுவேன் போலிருக்கும். சரியாக அந்த நேரம் பார்த்துத்தான் மாமி வந்து இறங்கினார்.

என் கணவர் பெஷாவர் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்தவர். வந்த புதிதில் ஒரு வேனில் கம்பளங்களைச் சுருட்டி வைத்துக்கொண்டு சாஆ என்ற ஊர்ப் பக்கத்துச் செம்பனைத் தோட்டங்களில் விற்றார். வாசலில் நின்று தோட்டத்துப் பெண்களிடமே தமிழ் கற்றுக்கொண்டார். பத்து பாகாட்டில் வாப்பாவின் சாப்பாட்டுக்கடையில் நான் கல்லாவில் உட்கார்ந்திருந்த காலம். ஆறடி உயரத்தில் ஒரு மனிதர் வந்து, "ஐயோ, கொழம்பு கொஞ்சமா ஊத்துங்கக்கா, நெஞ்ச கரிக்கிது" என்று எஸ்டேட் அம்மாக்களின் இழுப்போடு சொன்னார். நான் சிரித்துவிட்டேன். சிரித்த குற்றத்துக்குப் பதினோரு வருடமாகத் திரைச்சீலை தைத்துக்கொண்டிருக்கிறேன்.

வாப்பா இந்தக் கல்யாணத்துக்குச் சம்மதிக்கவில்லை. நம்ம ஆட்களில் மாப்பிள்ளையா இல்லை என்று இரண்டு பெருநாள் பேசாமல் இருந்தார். மூன்றாவது பெருநாளுக்கு இடியாப்பச் சட்டியோடு வந்து வாசலில் நின்றார். எங்கள் வீட்டுக் கோபத்துக்கு அவ்வளவுதான் ஆயுள்.

அந்தப் பக்கத்துக் கோபம் அப்படிப்பட்டதல்ல. இவருக்குச் சின்ன வயதிலேயே தாய்மாமன் மகளைப் பேசி வைத்திருந்தார்கள். இவர் இங்கிருந்து போன் செய்து முடியாது என்று சொல்லிவிட்டார். என் மாமியின் அண்ணன் அன்றைக்கே தங்கையோடு உறவை முறித்துக்கொண்டார். இரண்டு வீட்டுக்கும் பொதுவான முற்றத்தின் நடுவில் ஆளுயரச் சுவர் எழும்பியது. இவர் எங்கள் கல்யாணச் செய்தியைச் சொன்னபோது மாமி, என் பாலை உனக்கு மன்னிக்க மாட்டேன் என்று சொல்லிப் போனை வைத்துவிட்டார். அதற்குப் பிறகு மகனோடு பேசவில்லை.

அது அவர்கள் ஊர் வழக்கம். தாயிடம் குடித்த பாலைத் தாயே வாய்திறந்து மன்னிக்க வேண்டும். மன்னித்தேன் என்று அவள் சொல்லாதவரை மகன் எத்தனை தொழுதாலும், எத்தனை தருமம் செய்தாலும் அந்தப் பால் அவன்மேல் நிற்கும். முதல் தடவை இவர் இதைச் சொன்னபோது எனக்குப் படக்கதை மாதிரி இருந்தது. பிறகு சிரிக்க முடியாமல் போனது. எங்களுக்குப் பிள்ளை இல்லை. ஒரு நாள் மருத்துவர் இருவரிடமும் குறை இல்லை என்று சொல்லி அனுப்பினார். காரில் ஏறும்போது இவர், "எங்கம்மா பாலு இன்னும் எம்மேலதான இருக்கு" என்றார். எனக்குக் கோபம்தான் வந்தது. ஆனால் அந்த வார்த்தை எனக்குள்ளும் வந்து உட்கார்ந்துகொண்டது. மாமி மன்னித்துவிட்டால் இந்த மனிதருக்குக் கொஞ்சம் நிம்மதி வரும் என்று நானும் காத்திருக்க ஆரம்பித்தேன்.

பதினோரு வருடம் கழித்து, கொழுந்தன் மூலமாகத் திடீரென்று தகவல் வந்தது. அம்மா வருகிறார், விசாவுக்கு ஏற்பாடு செய்யுங்கள். எதற்கு வருகிறார் என்று யாருக்கும் தெரியவில்லை. விமான நிலையத்தில் சக்கர நாற்காலியில் ஒரு சின்ன உருவம் வந்தது. இவ்வளவு வருடமாக நான் பயந்த ஆள் என் தோளுக்குக்கூட வரமாட்டார் போலிருந்தது. மகனின் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு ஏதோ சொன்னார். இவர் தலையை ஆட்டினார்.

"என்னா சொன்னாங்க மச்சான்?"

"காலு வலிக்குதாம்."

வீட்டில் தனியாக விட முடியாததால் தினமும் கடைக்கே கூட்டி வந்தோம். என் தையல் மிஷினுக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்காரவைத்தேன். கொழுந்தன் கொடுத்து அனுப்பிய டேப்லட் ஒன்று வைத்திருந்தார். அதை நூல்கண்டுகளில் சாய்த்துவைத்து படம் போட்டுவிடுவார். ஏலக்காய் தட்டிப்போட்ட பச்சைத் தேநீர் பக்கத்தில் இருக்கும். இரண்டாம் நாளே என் கையிலிருந்த துணியைப் பிடுங்கி, ஓரத்தை மடித்துக் கைத்தையல் போட ஆரம்பித்தார். ஒரு மில்லிமீட்டர் கோணவில்லை. மறுநாளிலிருந்து நானே மூட்டையைப் பிரித்து அவர் மடியில் போட்டேன். வெட்கப்பட எனக்கு நேரமில்லை.

எங்களுக்குள் பேச்சு என்று ஒன்றும் கிடையாது. இந்திப் படம் பார்த்துப் பொறுக்கிய நாலைந்து வார்த்தை என்னிடம் இருந்தது. அவருக்கும் உருது அவ்வளவுதான். அதனால் மாலைவரை மிஷின் சத்தமும் துப்பாக்கிச் சத்தமும்தான். பழைய படங்கள், நிறம் வழிந்துபோன பிரிண்டுகள். கதாநாயகனுக்கு என் கணவர் வயதாவது இருக்கும். தோளில் சால்வை, கையில் துப்பாக்கி, கண்ணில் எப்போதும் ரத்தம். காதலிப்பது எப்படியும் எதிரி வீட்டுப் பெண்ணாகத்தான் இருக்கும். அந்த எதிரியும் சொந்தச் சித்தப்பாவாகவோ அவர் மகனாகவோதான் இருப்பார். அடைக்கலம் என்று வந்தவனைக் காப்பாற்றக் கதாநாயகன் காதலியின் அண்ணனையே சுடவேண்டி வரும். பிறகு பெரியவர்கள் வட்டமாக உட்கார்ந்து தாடியைத் தடவுவார்கள்.

மாமி காதல் பாட்டுகளை ஏறெடுத்தும் பார்க்கமாட்டார். ஊசி அதுபாட்டுக்கு ஓடும். ஆனால் படத்தில் அண்ணன் தங்கை பேசாமல் போகும் இடம் வந்தால் ஊசியைத் துணியில் குத்திவைத்துவிட்டுப் பார்ப்பார். அந்த மாதம்வரை நான் அவரைக் கோபக்காரக் கிழவி என்றுதான் நினைத்திருந்தேன். மகன் மனம்போல் வாழ்ந்ததில் அண்ணனை இழந்தது மாமிதான், தினமும் காலையில் கதவைத் திறந்து அந்தச் சுவரைப் பார்ப்பவரும் இவர்தான் என்று எனக்கு அதுவரை தோன்றியதே இல்லை.

இன்னொன்றும் கவனித்தேன். ஏறக்குறைய எல்லாப் படத்திலும் மகன் தாயின் காலில் விழும் காட்சி ஒன்று உண்டு. தாய் ஒரு கையை நெஞ்சில் வைப்பாள், இன்னொரு கையை அவன் தலைக்குக் கொண்டுபோவாள். எனக்கு மொழி வேண்டியிருக்கவில்லை. பால் மன்னிக்கும் காட்சி. ஆனால் அந்தக் கை நெஞ்சுக்குப் போனதுமே மாமி தன் விரலால் படத்தைத் தள்ளிவிடுவார். அடுத்த பாட்டோ அடுத்த சண்டையோ வந்து நிற்கும். ஒவ்வொரு படத்திலும் இப்படித்தான். சினிமாத் தாய் மன்னிப்பதைக்கூடப் பார்க்கப் பொறுக்காத அளவுக்கு என்ன வைராக்கியம் என்று எனக்கு எரிச்சலாக வந்தது. தள்ளிவிட்டதற்குப் பிறகு அந்தக் காட்சியில் என்ன வரும் என்று நான் யோசிக்கவில்லை.

இவர் பாடு அதைவிட மோசம். வெளி வேலை முடித்து வந்ததும் கைகூடக் கழுவாமல் அம்மாவின் காலடியில் உட்கார்ந்து காலைப் பிடித்துவிடுவார். மாமி ஊர்க்கதை சொல்வார். இவர் சிரிப்பார், பதில் சொல்வார், அப்படியே முகத்தைப் பார்ப்பார். எந்த நேரத்தில் அந்த வார்த்தை வரும் என்று காத்திருப்பதாக எனக்குப் பட்டது. நாற்பத்திரண்டு வயது மனிதர் இப்படித் தினமும் காத்திருப்பதைப் பார்க்க எனக்குச் சலித்துப்போயிற்று.

"கேட்டுத்தான் பாருங்களேன்."

"கேக்கக் கூடாதுலா."

"ஏன்?"

"உனக்குப் புரியாது, விடு."

விட்டிருக்கலாம். நான்தான் விடவில்லை.

அந்த வாரம் ஒரு படத்தில் இரண்டு கூட்டம் துப்பாக்கியோடு எதிரெதிரே நின்றது. நடுவில் ஒரு பெண் ஓடிவந்து தன் தலைத்துணியை எடுத்துத் தரையில் போட்டாள். அத்தனை துப்பாக்கியும் கீழே இறங்கியது. மாமி திருப்தியோடு தேநீரை உறிஞ்சினார். அன்று மாலை கடையில் இவர் ஏணியில் நின்று கம்பியைச் சுவரில் முடுக்கிக்கொண்டிருந்தபோது அது என்ன என்று கேட்டேன்.

"பொம்பள தலத்துணிய கால்ல போட்டுக் கேட்டா மறுக்க முடியாதுலா. கொலகாரன்னாலும் மன்னிச்சுத்தான் ஆவணும்."

"பொம்பள கால்லயே பொம்பள போட்டா?"

இவர் சிரித்தார். "அத நான் எங்கயும் பாத்ததில்ல. அந்த ஸ்க்ரூவ எடு."

மாமி ஊருக்குத் திரும்ப நான்கு நாள் இருந்தது. நோன்புக்கு முன்பு வீட்டில் இருக்க வேண்டும் என்று பயணச்சீட்டை அப்படித்தான் போட்டிருந்தார்கள். அன்று இவர் கூலாயில் ஒரு வீட்டுக்குக் கம்பி மாட்டப் போயிருந்தார். கடையில் நாங்கள் இருவர் மட்டும். நான் மிஷினை நிறுத்தினேன். கடைக்கதவைச் சாத்தினேன். தலைத்துணியாகக் கட்டியிருந்த தூடுங்கை அவிழ்த்து, மாமியின் செருப்புக்கு முன்னால் தரையில் விரித்தேன். சுவரில் தொங்கிய இவர் சட்டையைக் காட்டினேன். படத்துத் தாய் மாதிரி நெஞ்சில் கைவைத்தேன். மன்னிப்புக்கு எனக்குத் தெரிந்த ஒரே வார்த்தையைச் சொன்னேன்.

"மாஃப்."

இப்போது நினைத்தால் உடம்பு கூசுகிறது. நான் அன்று யார் வேடம் போட்டேன் என்றே தெரியவில்லை. மாமி அந்தத் துணியைப் பார்த்தார். கோபப்படுவார் என்று நினைத்தேன். குனிந்து அதை எடுத்தார். ஒட்டியிருந்த நூல் துண்டுகளைத் தட்டினார். என்னைக் குனியச் சொல்லி என் தலையில் போட்டு, கழுத்தடியில் ஊசி குத்திச் சரிசெய்தார். அதற்குள் ஊசி இரண்டு தடவை தவறியது. வயசுக்காலம் என்று எடுத்துக்கொண்டேன். அதற்குப் பிறகு அன்று அவர் படம் போடவில்லை. கடை மூடும்வரை ஓரம் தைத்துக்கொண்டே இருந்தார். எனக்குள் ஒரே பெருமை. பதினோரு வருடத்தில் இவரால் முடியாததை நான் ஒரு துணியில் முடித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டேன்.

புறப்படும் நாள் காலைத் தொழுகை முடிந்ததும் கிளம்பி, கோலாலம்பூர் விமான நிலையத்துக்குப் போனோம். அவர் ஊர்க்காரக் குடும்பம் ஒன்று அதே விமானத்தில் போனதால் துணைக்குக் கவலையில்லை. சக்கர நாற்காலி தள்ளுபவர் வந்து நின்றதும் மாமி மகனைக் குனியச் சொன்னார். ஒரு கையைத் தன் நெஞ்சில் வைத்தார். இன்னொரு கையை இவர் தலையில் வைத்தார். நாலைந்து வார்த்தைதான். பிறகு என்னைப் பார்த்தார். நான் சொன்னபடி செய்துவிட்டேன், சரிதானே என்று கேட்பதுபோல இருந்தது அந்தப் பார்வை. நாற்காலி உள்ளே போய்விட்டது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை.

இவர் சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்தேன். கார் நிறுத்துமிடத்துக்கு வந்து சாவியை என்னிடம் நீட்டினார். நான்தான் ஓட்டினேன். மலாக்கா தாண்டியது, மூவார் தாண்டியது, இவர் ஜன்னல் பக்கமே திரும்பியிருந்தார். மாச்சாப் ஓய்விடத்தில் வண்டியை நிறுத்தி பாலில்லாத தே ஓ இரண்டு கோப்பை வாங்கி வந்தேன். இவர் குடிக்கவில்லை.

"நீங்க வேணும்னு இருந்ததுதான. இப்ப ஏன் இப்படி உக்காந்திருக்கீங்க?"

"அத எப்ப சொல்வாங்க தெரியுமா?" என்றார். "மவன் சாவப் போறப்ப சொல்வாங்க. இல்லாட்டி அம்மா சாவப் போறப்ப. இனிமே பாக்க மாட்டோம்னு தெரிஞ்சாத்தான் சொல்வாங்க. அதுக்கப்புறம் ஒண்ணுமில்ல."

தள்ளிவிட்ட காட்சிகள் எல்லாம் வரிசையாக நினைவுக்கு வந்தன. ஒன்றைக்கூட நான் முடிவுவரை பார்த்ததில்லை.

"வந்தன்னைக்கே எங்கிட்ட சொல்லிட்டாங்க," என்றார் இவர். "ஒன்னப் பாக்கத்தான் வந்தேன், மன்னிக்க வரல. அது வேணும்னா வீட்டுக்கு வந்து கேளு. நீ வர்ற வரைக்கும் வச்சிருப்பேன், சாவ மாட்டேன்னாங்க. நான் சரின்னேன். பெருநா கழிச்சுப் போலாம்னு இருந்தேன்."

மாமி வந்திறங்கிய அன்று, கால் வலிக்கிறது என்று இவர் எனக்கு மொழிபெயர்த்தது அதுதான்.

"எங்கிட்ட சொல்லலியே மச்சான்."

"கடைய நீ ஒண்டியா எப்படிப் பாப்பேன்னு யோசிச்சிட்டிருந்தேன். ஒருவழி பண்ணிட்டுச் சொல்லலாம்னு." கோப்பையை நகர்த்தி வைத்தார். "யாரும் கேக்காம அவங்க சொல்ல மாட்டாங்க. நான் கேக்கல."

பொய் சொல்ல இடமிருந்தது. ஆனால் அன்று எனக்குப் பொய் சொல்லக்கூடத் தெம்பில்லை.

"நான்தான் கேட்டேன். தலத்துணியப் போட்டுக் கேட்டேன்."

என்னைப் பார்த்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். என் தூடுங்கின் ஓரத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "வண்டிய எடு, நாளைக்கு டெலிவரி இருக்கு" என்றார்.

நோன்பு வந்தது, பெருநாள் வந்தது. நாலு வீட்டுத் திரைச்சீலையைப் பெருநாளுக்கு முதல்நாள்தான் மாட்ட முடிந்தது. ஹஜ் பெருநாளும் போய்விட்டது. மாமி இப்போது வெள்ளிக்கிழமை தவறாமல் மகனோடு பேசுகிறார். மழை பெய்ததா, ஆடு குட்டி போட்டதா, இதுதான் பேச்சு. எப்போது வருகிறாய் என்று கேட்பதில்லை. இவராகவே அடுத்த மாதம் வருகிறேன் என்று சொல்வார். வேலையைப் பார், மகனே, நான் நன்றாக இருக்கிறேன் என்று சொல்லிவிடுவாராம். போங்கள், கடையை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று நானும் பலமுறை சொல்லிவிட்டேன். பார்க்கலாம் என்கிறார். இந்த மனிதரை அங்கே இழுத்துக்கொண்டிருந்த கயிற்றை நான்தான் அவிழ்த்துவிட்டேன். அந்தக் கிழவியின் கையிலிருந்தது அது ஒன்றுதான்.

மாமி டேப்லட்டைக் கடையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டார். மறந்தாரா, எனக்கென்று விட்டாரா தெரியாது. போன ஞாயிறு மத்தியானம் கடையில் ஆளில்லை. இவர் அதை எடுத்துத் துடைத்து, நூல்கண்டுகளில் சாய்த்துவைத்து, ஏதோ ஒரு படத்தைப் போட்டார். நான் ஓரம் மடித்துக்கொண்டே பார்த்தேன். பாட்டு, சண்டை, பெரியவர்களின் வட்டம். பிறகு மகன் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தான். கட்டிலில் தாய் கிடந்தாள். அவன் அவள் காலடியில் விழுந்தான். அவள் கை நெஞ்சுக்குப் போனது.

இவர் அசையவில்லை. நான் ஊசியைத் துணியில் குத்திவைத்துவிட்டு, எட்டி, விரலால் படத்தைத் தள்ளிவிட்டேன்.